பஸ்ஸில் பாட வேண்டிய பாட்டு

அக்டோபர் 14

மேனேஜர் அறைக்குள் கூப்பிட்டு, உட்காரச் சொல்லி, டீ வேண்டுமா என்று கேட்டார். அப்போதே தெரிந்துவிட்டது. எங்கள் ரக்பி கிளப்பில் நல்ல செய்தியை நடைபாதையில் நின்றபடியே சொல்லிவிடுவார்கள். டீ வந்தால் ஆள் காலி. நானும் விடவில்லை, பிஸ்கட்டையும் எடுத்துக்கொண்டேன்.

வருகிற மே மாதத்தோடு ஒப்பந்தம் சரி. "கழுத்து இன்னும் எத்தனை நாள் தாங்கும், ஹெவின்?" என்றார். பதினைந்து வருடமாக, இரண்டு அணியும் தலையைக் கோத்துத் தள்ளுகிற ஸ்க்ரம்மின் நடுவில் ஹூக்கராக, இரண்டு பக்கமும் இரண்டு தடியன்களின் தோளைப் பிடித்துத் தொங்கிக்கொண்டு, எதிரணியின் மொத்த எடையையும் இந்தக் கழுத்தில் வாங்கியிருக்கிறேன். அவர் இன்றைக்குத்தான் அதைக் கவனித்தார் போலிருக்கிறது.

லவ்ரியிடம் சொன்னேன். சாறு வைக்க லீக் தண்டு நறுக்கிக்கொண்டிருந்தாள். "சரி விடு. இனிமே சனிக்கிழமை கல்யாணத்துக்கெல்லாம் நான் தனியா போக வேண்டாம்" என்றாள். அப்புறம் ஈரக் கையைக் கழுவாமலே வந்து என் பின்கழுத்தில் வைத்துக்கொண்டாள்.

முப்பத்து மூன்று வயது. வீடு இருக்கிறது, மனைவி இருக்கிறாள், முழங்கால் பாதி இருக்கிறது. தொப்பி மட்டும் இல்லை. வேல்ஸின் சிவப்புச் சட்டையைப் போட்டுக்கொண்டு ஒரே ஒரு தடவை மைதானத்தின் கோட்டைத் தாண்டி உள்ளே இறங்கினால் கொடுத்துவிடுவார்கள். ஒரு நிமிடம் ஆடினாலும் போதும். குஞ்சம் வைத்த வெல்வெட் தொப்பி. அதைப் போட்டுக்கொண்டு யாரும் கடைக்குப் போக முடியாது, நாய்கூடச் சிரிக்கும். அதற்காகத்தான் இத்தனை வருடமும்.

அக்டோபர் 20

மாமா மகளின் கல்யாணம். சர்ச்சில் அந்தப் பாட்டைப் பாடினார்கள். நான் வாயை மட்டும் அசைத்தேன்.

இதை எழுதி வைத்தாலே பைத்தியம் என்பார்கள். முதல் தடவை நாட்டுக்கு ஆடியவன், ஆட்டம் முடிந்து திரும்பும்போது பஸ்ஸில் எழுந்து நின்று ஒரு பாட்டுப் பாட வேண்டும். கழுதையாகக் கத்தினாலும் பாடியே ஆக வேண்டும். நான் பதினெட்டு வயதிலேயே என் பாட்டைத் தேர்ந்தெடுத்துவிட்டேன். அன்றிலிருந்து அதை வெளியில் எங்கேயும் பாடியதில்லை. முன்கூட்டிப் பாடினால் பலிக்காது என்று ஒரு பயம். காரில் தனியாக இருந்தால் மட்டும் பாடுவேன்.

என் கல்யாணத்தில்கூட அந்தப் பாட்டுக்கு வாயசைத்தேன். லவ்ரி பக்கத்தில் நின்று பார்த்தாள். ஏன் என்று கேட்கவில்லை.

அப்பா ஊர்ப் பாடகர் குழுவில் நாற்பது வருடம் பாடியவர். இன்று எனக்கு முன் வரிசையில் நின்றிருந்தார். வெளியே வந்ததும், "பின்னால நீதான நின்ன? ஒரு சத்தமும் வரல. அதுவும் நல்லதுக்குத்தான்" என்றார்.

நவம்பர் 4

கூப்பிட்டுவிட்டார்கள்.

வேல்ஸ் அணியில் ஒரு ஹூக்கருக்குத் தோளில் அடி, இன்னொருவனுக்குக் கணுக்காலில். மூன்றாவதாக நான். "நாளைக்கே வர முடியுமா?" என்று பயிற்சியாளர் போனில் கேட்டார். வர முடியுமாவா! பல் விளக்கிக்கொண்டிருந்தேன். நுரையோடு "சரி" என்றேன். அவருக்கு என்ன கேட்டதோ.

அடுத்தவன் கணுக்காலில் எனக்குக் கல்யாணம். அந்தப் பையனுக்குச் செய்தி அனுப்பினேன், சீக்கிரம் சரியாகட்டும் என்று. மனதாரத்தான் அனுப்பினேன். ஆனால் ரொம்பச் சீக்கிரம் வேண்டாம்.

நவம்பர் 7

சட்டை எண் பதினாறு. மாற்று ஹூக்கர். கேப்டன் ரிடியன்தான் முதலில் ஆடுவான். வழக்கமாக அறுபதாவது நிமிடத்துக்குள் மாற்றிவிடுவார்கள். எழுபதில் மாற்றினாலும் பத்து நிமிடம். எனக்கு அது போதும்.

எங்கள் ஊர் பான்டெர்வென் முழுக்கத் தெரிந்துவிட்டதாம். கறிக்கடைக்காரர் கண்ணாடியில் என் படத்தை ஒட்டியிருக்கிறார். பக்கத்தில் ஈரல் விலை. லவ்ரி படம் எடுத்து அனுப்பினாள்.

அவளே இன்னொன்றும் சொன்னாள். அப்பா வீட்டுக் கூடத்தில் அலமாரி மேல் இருந்த கடிகாரத்தை எடுத்து அடுக்களையில் வைத்துவிட்டாராம். அது நான் பிறப்பதற்கு முன்பிருந்தே அங்கே இருந்த கடிகாரம். "ஏன் மாமா?" என்று கேட்டிருக்கிறாள். "தூசி துடைக்கிறேன்" என்றாராம். நாலு நாளாகத் துடைக்கிறார். அலமாரி மேல் ஒரு தொப்பி அளவுக்கு இடம் காலியாக இருக்கிறதாம்.

நவம்பர் 10

நேற்று நடந்ததை அப்படியே எழுதிவிட வேண்டும். இல்லாவிட்டால் நாளைக்கு எனக்குச் சாதகமாக மாற்றிக்கொள்வேன்.

எழுபதாயிரம் பேர். நான் பெஞ்சில், முழங்காலில் துண்டைப் போட்டுக்கொண்டு. எதிரணித் தீவுக்காரர்கள் விடவில்லை, நாங்கள் புள்ளியில் ஏறினால் அவர்களும் ஏறினார்கள். அறுபதாவது நிமிடம் வந்தது, போனது. ரிடியன் ஆடிய ஆட்டம் அப்படி. நானாக இருந்தாலும் அவனை எடுத்திருக்க மாட்டேன். எழுபதும் போனது. மற்ற மாற்று ஆட்கள் ஒவ்வொருவராக இறங்கினார்கள். இருபது வயது மாக்சென், அவனுக்கும் முதல் ஆட்டம்தான், இறங்கும்போது என் தலையைத் தட்டிவிட்டுப் போனான். கடைசியில் பெஞ்சில் நான் ஒருவன்தான்.

எழுபத்தேழில் ரிடியன் நொண்டினான். "ஹெவின், எந்திரி! சட்டையோட நில்லு!" மேல்கோட்டைக் கழற்றி எறிந்தேன். எல்லைக் கோட்டின் ஓரத்தில் போய் நின்றேன். அதிகாரி எண் பலகையைக் கையில் எடுத்துவிட்டார். பந்து ஆட்டத்தை விட்டு ஒரு தடவை வெளியே போனால், அல்லது யாராவது தவறவிட்டு விசில் அடித்தால், நான் உள்ளே.

பந்து நம்மிடம். ஒரே ஒரு புள்ளி முன்னிலை. மூன்று நிமிடம் பந்தை விடாமல் வைத்திருந்தால் வெற்றி. வைத்திருந்தார்கள். ஒருவன் பந்தோடு விழுவான், இன்னொருவன் எடுத்து இரண்டடி போய் விழுவான், மறுபடி எடுப்பான். ரிடியன் நொண்டிக்கொண்டே மூன்று தடவை தூக்கிப் போனான். கூட்டம் முழுக்கப் பாடிக்கொண்டிருந்தது.

நான் என்ன வேண்டினேன் தெரியுமா? நழுவட்டும். கடவுளே, ஒரு தடவை நழுவ விடு, யார் கையிலிருந்தாவது. நழுவினா பந்து அவங்களுக்கு, ஒரு உதை உதைச்சா நாம தோத்துடுவோம் — தெரியும். தெரிஞ்சேதான் வேண்டினேன். எழுபதாயிரம் பேரில் வேல்ஸ் பந்தைக் கீழே போடணும்னு நினைச்ச ஒரே வேல்ஸ்காரன் நான்தான். அதுவும் சிவப்புச் சட்டையில.

யாரும் போடவில்லை.

நேரம் முடிந்த மணி அடித்தது. ஒன்பதாம் எண் பந்தை எடுத்து வெளியே உதைத்தான், அதோடு ஆட்டம் சரி. பந்து ஒரு தடவை தரையில் குதித்து நேராக என்னிடம் வந்தது. பிடித்தேன். வேறென்ன செய்வது?

கோட்டுக்கு வெளியே, கையில் பந்தோடு, மைதானத்தைப் பார்த்தபடி நின்றேன். ஹூக்கர் வேலையே அதுதான். பந்து வெளியே போனால், லைன் அவுட்டில் கோட்டுக்கு வெளியே நின்று பந்தை எறிந்துவிட்டு, அதன் பின்னாலேயே உள்ளே ஓட வேண்டும். வாழ்நாள் முழுக்க அப்படித்தான் நின்றிருக்கிறேன். கை தானாகப் பந்தைத் தலைக்கு மேல் தூக்கிவிட்டது. உள்ளே எல்லாரும் கட்டிப்பிடித்துக்கொண்டிருந்தார்கள், எறிவதற்கு ஆள் இல்லை. அதிகாரி எண் பலகையை மடக்கிவிட்டு, "சாரிப்பா" என்றார்.

அப்பா வெளிவாசலில் காத்திருந்தார். தோளைத் தட்டவில்லை, கட்டிப்பிடிக்கவில்லை. "பந்தை நல்லாப் பிடிச்ச" என்றார். நான் சிரிக்கப் போய் அழுதுவிட்டேன். மூக்கைத் துடைக்கத் தன் கழுத்துத் துணியைக் கொடுத்தார். அதிலும் வேல்ஸ் என்றுதான் எழுதியிருந்தது.

பஸ்ஸில் மாக்சென் எழுந்து நின்று பாடினான். ஏதோ டிஸ்கோ பாட்டு, பாதி மறந்துவிட்டான். எல்லாரும் காலணியால் தரையை இடித்தார்கள். பிறகு ரிடியன் கடைசி இருக்கையிலிருந்து, காலில் ஐஸ் கட்டிக்கொண்டு, "ஹெவின் அண்ணே! உன் பாட்டு?" என்றான்.

"நான் இறங்கலையே தம்பி."

"அட, பாடுண்ணே. யாரு கேக்கப் போறா?"

"இறங்கினவன்தான் பாடணும்."

ரிடியன் காலில் இருந்த ஐஸை இறுக்கிக் கட்டினான். "அப்ப அடுத்த வாரம் பாடுவ" என்றான். நல்ல பையன். பாடியிருக்கலாம்தான். யாரும் ஒன்னும் சொல்லியிருக்க மாட்டாங்க. ஆனா அது என்னோடது இல்லையே.

நவம்பர் 12

கணுக்கால் சரியாகிவிட்டதாம். என்னை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். நடைபாதையில் சொல்லவில்லை, டீ கொடுத்துச் சொன்னார்கள்.

நவம்பர் 17

அப்பா வீட்டில் ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு. கடிகாரம் மறுபடி அலமாரி மேல் வந்துவிட்டது. நான் பார்த்ததை அவர் பார்த்தார். "அடுக்களையில வச்சா மணி தெரிய மாட்டேங்குது" என்றார். நான் உருளைக்கிழங்கை இந்தப் பக்கம் தள்ளச் சொன்னேன்.

ஜனவரி 23

இன்றைக்கும் கனவு. பந்து வெளியே போகிறது, நான் உள்ளே ஓடுகிறேன், புல்லில் கால் படுகிற இடத்தில் விழிப்பு வந்துவிடுகிறது. ஒரு நாளாவது அந்தப் புல் காலில் படக் கூடாதா?

மார்ச் 2

மாக்சென் மூன்று தடவை பந்தைக் கோட்டுக்கு அப்பால் வைத்து டிரை எடுத்ததாக ரேடியோவில் சொன்னார்கள். சந்தோஷம். அணைத்துவிட்டேன்.

மே 17

கடைசி ஆட்டம். கைதட்டினார்கள். சட்டமிட்ட படம் ஒன்று கொடுத்தார்கள், அதில் பாதி முகத்தை இன்னொருவன் கை மறைக்கிறது. பத்து வருடமாகப் பக்கத்திலேயே நின்று ஸ்க்ரம் தள்ளிய தடியன் ஓய்வறையில் என் காதைப் பிடித்துத் திருகினான். எங்கள் காதெல்லாம் எப்போதோ பூக்கோசு மாதிரி ஆகிவிட்டது, வலிக்கவில்லை. வேறு எங்கேயோ வலித்தது.

ஆகஸ்ட் 6

இல்டிட் வந்தான். பள்ளியில் என்னோடு படித்தவன், இப்போது குழாய் ரிப்பேர், பான்டெர்வென் கிளப்புக்குக் கேப்டனும் அவன்தான். நாங்கள் கூப்பிடாமலே எங்கள் அடுக்களைக் குழாயைத் திறந்து பார்த்துவிட்டு, "சொட்டுது மாப்ள" என்றான்.

"அதுக்கா வந்த?"

"ஹூக்கர் இல்ல. இருந்தவன் ஆஸ்திரேலியா போயிட்டான். சும்மா நீ ஓரமா நின்னு பந்தை மட்டும் எறி, மத்ததை நாங்க பார்த்துக்கறோம்."

"என் கழுத்து போச்சுடா."

"எங்க ஸ்க்ரம்ல தள்ளவே மாட்டோம், பயப்படாத."

நான் பதில் சொல்லும் முன் லவ்ரி சொல்லிவிட்டாள்: "கூட்டிட்டுப் போ. வீட்டுல உட்கார்ந்து என் சமையலுக்கு விசில் அடிச்சிட்டிருக்கார்."

செப்டம்பர் 13

வெளியூர் ஆட்டம். மலைச்சரிவில் ஒரு மைதானம், பாதியில் ஆடு வந்தது. தோற்றோம், நன்றாகவே தோற்றோம். என் எறிகளில் ஒன்று கோணலாகப் போனது. "நேரா எறியத் தெரியாதவன் பதினஞ்சு வருஷம் என்னடா பண்ணின!" என்று கூட்டத்திலிருந்து ஒரு குரல். மொத்தம் முப்பது பேர்தான் இருந்தார்கள், யார் என்று தேடவே வேண்டாம். அப்பா.

திரும்பி வரும்போது பஸ் முழுக்கச் சிப்ஸும் வினிகரும் ஈர உடுப்பும் நாறியது. அப்பா எப்போதும்போல முன் இருக்கையில், மிட்டாய்ப் பொட்டலத்தோடு. நான் ஜன்னலில் தலை சாய்த்திருந்தேன். இல்டிட் எழுந்து கத்தினான்: "புது ஆளு எந்திரி!"

யாரென்று நானும் திரும்பிப் பார்த்தேன். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள்.

"நானாடா புதுசு?"

"பான்டெர்வென் முதல் டீமுக்கு இதுக்கு முன்னாடி ஆடியிருக்கியா?"

யோசித்தேன். சிறுவர் அணியில் ஆடியிருக்கிறேன். பதினேழு வயதிலேயே பெரிய கிளப் கூட்டிக்கொண்டு போய்விட்டது. முதல் டீமுக்கு? "இல்ல" என்றேன்.

"இன்னைக்குக் கோட்டைத் தாண்டி இறங்கினியா இல்லையா?"

"இறங்கினேன்."

"அப்பப் பாடு!"

காலணிகள் தரையை இடிக்கத் தொடங்கின. எழுந்தேன். வேறு ஏதாவது பாடித் தப்பித்திருக்கலாம். மனதில் இரண்டு மூன்று வந்தன. இதைப் பாடிவிட்டால் அந்த இன்னொரு பஸ் இனி வராது. அது வராது என்று எனக்குத் தெரியாதா என்ன? தெரியும். இருந்தாலும் பக்கத்து இருக்கையின் கம்பியைப் பிடித்துக்கொண்டேன். முன் இருக்கையில் அப்பாவின் பின்தலை தெரிந்தது. மிட்டாய் மெல்லுவதை நிறுத்தியிருந்தார்.

ஆரம்பித்தேன். ரொம்ப மேலே எடுத்துவிட்டேன். இரண்டாம் அடியிலேயே குரல் பிசிறிவிட்டது, எல்லாரும் சிரித்தார்கள். அப்பா திரும்பிப் பார்க்காமலே, "கீழ இருந்து எடுடா" என்றார். சொன்னதோடு அந்தச் சுருதியை லேசாக முனகிக் காட்டினார். அதைப் பிடித்துக்கொண்டு மறுபடி தொடங்கினேன். மூன்றாம் அடியில் இல்டிட் சேர்ந்தான், அப்புறம் பின்னால் இருந்தவர்கள், டிரைவர். யாரும் யாரையும் பார்க்கவில்லை. முடியும்போது பான்டெர்வென் பாலம் வந்துவிட்டது.

தொப்பி ஆசை போய்விட்டதா? இல்லை. போகாது. நவம்பர் வந்தால் மறுபடி அந்தக் கோட்டில் போய்த்தான் நிற்பேன். பாட்டுதான் தீர்ந்துவிட்டது.

வீட்டில் லவ்ரி அடுப்பருகே நின்றிருந்தாள். "எப்படி?" என்றாள்.

"தோத்துட்டோம்."

"அது தெரியும். தொண்டை ஏன் கட்டியிருக்கு?"

நான் பதில் சொல்வதற்குள் அவளுக்குப் புரிந்துவிட்டது. அடுப்பை அணைத்தாள். நாற்காலியை இழுத்துப் போட்டு எனக்கு எதிரே உட்கார்ந்தாள்.

"நம்ம கல்யாணத்துல வாயசைச்சல்ல," என்றாள். "இப்பப் பாடு."

பாடினேன்.