பின்னறைப் பல்பு

பங்குனி 14, 1981. சனி. வவுனியா.

இந்த முறை கரண்ட் பில் இரண்டு மடங்காக வந்துவிட்டது. பின்னறையில் வாடகைக்கு இருக்கிற மாரியாயிதான் காரணம் என்றாள் மனைவி. மாரியாயி மலைநாட்டிலிருந்து வந்த விதவை. விடியுமுன் எழுந்து தோசை சுட்டு, பஸ் நிலையத்தில் விற்பவள்.

காலையில் அவளை அறையை விட்டு எழும்பச் சொன்னேன்.

“ஒரு பல்புதானுங்க ஐயா. அதையும் கழட்டிக்கங்க, நான் விளக்கு வச்சுக்கிறேன். போக எடமில்லீங்க.”

“இண்டைக்கே போ” என்றேன்.

மத்தியானம் உடுப்புப் பொட்டலத்துடன் நெளுக்குளம் பக்கமாக நடந்தாள். ஆட்டுக்கல்லைத் தூக்க முடியாமல் விட்டுவிட்டுப் போனாள்.

பின்னறை வயரைக் கழற்ற, பின்னேரம் மின்வேலைக்காரர் வந்தார். லைற் எல்லாவற்றையும் நிறுத்திய பிறகும் மீட்டர்ச் சக்கரம் வேகமாகச் சுழன்றது. அவர் குசினிக்குள் போய் பிரிட்ஜைத் திறந்து பார்த்தார்.

“மாஸ்டர், கதவு ரப்பர் கிழிஞ்சு போச்சு. குளிர் நிக்காமல் மோட்டர் ஓயாமல் ஓடுது. இதுதான் கரண்டைத் தின்னுது. ஒரு பல்பு எவ்வளவு எடுக்கப் போகுது?”

தன்னிடமிருந்த பழைய ரப்பரைக் கொண்டுவந்து கதவில் பொருத்திப் பூட்டிவிட்டுப் போனார். அதன் பிறகுதான் மனைவி கோயிலால் திரும்பி வந்தாள். நேரே மீட்டரைப் போய்ப் பார்த்தாள்.

“பாத்தீங்களோ, அவள் போனவுடன எவ்வளவு மெதுவாச் சுத்துது.”

“ஓம்” என்றேன்.

நாளைக்குப் பள்ளிக்கூடம் இல்லை. சைக்கிளில் போனால் மாரியாயியைத் தேடிப் பிடிக்கலாம். நான் போகமாட்டேன்.