முதல் எதிர்மனுதாரர்

மார்ச் 4

கடையில் இன்று பதினோரு மூக்குக் கண்ணாடிகள். எல்லாம் உட்கார்ந்தே முடித்தேன். முன்பெல்லாம் லென்ஸ் தேய்க்கும் மெஷின் முன்னால் நாள் முழுக்க நிற்பேன். விபத்துக்குப் பிறகு முதலாளி உயரமான ஸ்டூல் ஒன்று போட்டுக் கொடுத்திருக்கிறார். வலது முழங்கால் பாதிக்கு மேல் மடங்குவதில்லை. இன்னொரு ஆபரேஷன் செய்தால் மடங்குமாம். நம் கைக்கு எட்டுகிற செலவு இல்லை. அதற்குத்தான் கேஸ்.

மார்ச் 9

கோர்ட் நோட்டீஸ் வந்தது, இவர் பெயருக்கு. நான் கையெழுத்துப் போடப் போனேன். தபால்காரர் உறையைத் திருப்பிப் பார்த்தார். "கேஸ் போட்டதே நீங்கதானேம்மா? நீங்க வாங்கக்கூடாது. சார் வரட்டும்." மனுதாரர், எதிர்மனுதாரர் இருவருக்கும் ஒரே கதவு எண். மனுஷர் சிரிப்பை அடக்கப் பட்ட பாடு!

சாயங்காலம் இவர் போய் வாங்கி வந்து படித்தார். முதல் எதிர்மனுதாரர், வண்டி ஓட்டிய கணவர். இரண்டாவது, ஸ்கூட்டருக்கு இன்சூரன்ஸ் கொடுத்த கம்பெனி.

"பரவாயில்லையே, எனக்கு முதலிடம் குடுத்திருக்கே."

மார்ச் 10

நாத்தனார் போன். "கட்டின புருஷன் மேலயே கேஸா? ஊர் சிரிக்காது?"

வக்கீலம்மா எனக்குச் சொன்னதை அப்படியே சொன்னேன். பணம் கம்பெனி தரும். ஆனால் வண்டி ஓட்டியவர் மேல் தப்பு இருந்தால்தான் தரும்.

"என் தம்பி தப்பே பண்ணமாட்டானே!"

சிக்கலே அதுதான். அவள் தம்பியும் அப்படித்தான் நினைக்கிறார்.

மார்ச் 17

இருவருமாக வக்கீலம்மா அலுவலகம் போனோம். இவர் இருபத்திரண்டு வருஷமாக டிரைவிங் ஸ்கூல் மாஸ்டர். நாற்காலியில் உட்காரும் முன்பே ஆரம்பித்துவிட்டார்: "ரோட்ல மணல் கெடந்துச்சு மேடம். வண்டி சறுக்கிடுச்சு."

"மணலுக்கு இன்சூரன்ஸ் கிடையாது சார்."

ஆஸ்பத்திரிப் பதிவேட்டிலும் அன்றைக்கே மணல் என்றுதான் எழுத வைத்திருக்கிறார். அந்த நகல் கம்பெனி கையில். இவரே கூண்டில் ஏறி, "என் கவனக்குறைவு" என்று சொன்னால்தான் கேஸ் நிற்குமாம்.

"நானே அப்படிச் சொன்னா, நாளைக்கு எவன் எங்கிட்ட வண்டி கத்துக்க வருவான்?"

மாடிப்படி இறங்கும்போது என் முழங்கையைப் பிடித்துக்கொண்டார்.

மார்ச் 18

மணல். மணல். மணல்.

ஏப்ரல் 2

எனக்குத் தெரிந்ததை எழுதி வைக்கிறேன். மூன்று வருஷத்துக்கு முன்பு, பகல் பத்தரை மணி, நான் பின்சீட்டில். இவர் தலையைத் திருப்பினார். முதலில் காது தெரிந்தது, அப்புறம் பாதிக் கன்னம். அப்புறம் நின்றுகொண்டிருந்த வேனின் சக்கரம். மணலும் இருந்தது, இல்லை என்று சொல்லவில்லை.

ஏன் திரும்பினார்? சிக்னல் போடாமல் எவனாவது திரும்பியிருப்பான். "பார், எப்படி ஓட்டறான் பார்" என்று காட்டத் திரும்பியிருப்பார். தெருவில் போகிற எல்லோருக்கும் மார்க் போடுகிற மனுஷர்.

இந்த மூன்று வருஷத்தில் எனக்குத் தலை தேய்த்துவிட்டிருக்கிறார். குளியலறையில் கைப்பிடி அடித்துத் தந்திருக்கிறார். "என் தப்புதான்" என்று மட்டும் சொன்னதில்லை. நானும் கேட்கவில்லை. எனக்கு வேண்டியது ஆபரேஷனா, அந்த ஒரு வார்த்தையா? — ரெண்டும்தான். சொன்னா என்ன கொறஞ்சு போயிடும்?

ஜூன் 21

கோர்ட். ஒரே பஸ்ஸில் போனோம். ஆனால் சேர்ந்து உட்காரக்கூடாதாம்; இருவரும் பேசி வைத்துக்கொண்டு வந்திருக்கிறோம் என்று கம்பெனி சொல்லுமாம். அவர் அந்தக் கோடி பெஞ்ச், நான் இந்தக் கோடி. சாப்பாட்டு டப்பா என் பையில். ஒரு மணிக்கு நடு பெஞ்சில் வைத்துவிட்டு வந்தேன். அவர் வந்து எடுத்தார், சாப்பிட்டார், கழுவி அங்கேயே வைத்துவிட்டுப் போனார். கடத்தல்காரர்கள் தோற்றார்கள்.

என்னை விசாரித்தார்கள். "தலையைத் திருப்பினார்" என்றேன். இவர் முறை வருவதற்குள் நேரம் முடிந்துவிட்டது.

ஜூலை 12

இவர் கூண்டில் ஏறினார்.

கம்பெனி வக்கீல் சின்ன வயசு, மரியாதையான ஆள். "ஆஸ்பத்திரியில மணல்னு சொன்னீங்களே?"

"சொன்னேங்க. மணல் இருந்துச்சு. ரோட்டைப் பாத்திருந்தா மணலைப் பாத்திருப்பேன். பாக்கலை. என் தப்புதான்."

"மனைவிக்குப் பணம் வரணும்னு இப்ப மாத்திச் சொல்றீங்க."

"இல்லீங்க. அன்னைக்கே சொல்லியிருக்கணும். வெக்கமா இருந்துச்சு."

"ரோட்டை விட்டுட்டு அப்படி எதைப் பாக்கத் திரும்பினீங்க?"

நீதிபதி நிமிர்ந்து பார்த்தார்.

"இவங்க மொகத்தை," என்றார் இவர். "காலைல எங்களுக்குள்ள சண்டை. வண்டில ஏறினதுலேர்ந்து ஒரு வார்த்தை பேசலை. கோவமா இருக்காங்களா, அழறாங்களான்னு தெரியலை. பாக்கலாம்னு திரும்பினேன்."

டைப் அடிக்கும் பெண் அதையும் அடித்துக்கொண்டாள்.

வெளியே வக்கீலம்மா, "கவனக்குறைவுன்னு மட்டும்தானே சொல்லச் சொன்னேன்? இதை நான் சொல்லிக் குடுக்கலையேம்மா," என்றார்.

விபத்தன்று காலை, என்னைக் கேட்காமல், குடும்பத்தோடு வருகிறோம் என்று இவர் தன் அக்காவுக்கு வாக்குக் கொடுத்துவிட்டார். சண்டை அதற்குத்தான். போய்ச் சேரும்வரை வாயைத் திறப்பதில்லை என்று முடிவு கட்டி முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு ஏறினேன். எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. அது மட்டும் எப்படி ஏப்ரலில் எழுதாமல் விட்டேன்? ஐயோ, பேசித் தொலைச்சிருக்கலாமே.

ஜூலை 13

சமையலறையில் எனக்கு முதுகு காட்டி வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தார். திரும்பாமலே கேட்டார்: "கோவமா?"

"இல்ல."

ஆகஸ்ட் 1

டிரைவிங் ஸ்கூல் முதலாளி காதுக்கு விஷயம் எட்டிவிட்டது. காரிலிருந்து இவரை இறக்கி, அறைக்குள் சாலைக் குறியீட்டுப் பலகை முன்னால் நிறுத்திவிட்டார். கொஞ்ச நாளைக்காம்.

செப்டம்பர் 26

கம்பெனி கட்ட வேண்டும் என்று தீர்ப்பு. பணத்துக்காகப் பொய் சொல்கிறவர் இப்படி ஒரு காரணம் சொல்ல மாட்டார் என்று நீதிபதி எழுதியிருக்கிறாராம்.

அக்டோபர் 29

ஆபரேஷன் முடிந்து இரண்டாம் நாள். வலி. நர்ஸ் மடக்கச் சொல்கிறார்.

ஜனவரி 20

இன்றிலிருந்து கடைக்கு. ஸ்டூலை முதலாளியிடம் திருப்பிக் கொடுக்க வேண்டும்.

ஸ்கூட்டரில் போகலாமா என்று கேட்டார். ஏறினேன். கால் மடங்கி அதன் இடத்தில் உட்கார்ந்தது. தெருமுனை தாண்டும் முன்பே பேச ஆரம்பித்தேன். ஸ்டூல், பக்கத்து வீட்டுத் தண்ணீர்க் குழாய், நாத்தனார் போனில் சொன்னது, சொல்லாதது, வாயில் வந்ததெல்லாம்.

"கொஞ்சம் மூச்சு விடேன்," என்றார், முகத்தை நேரே வைத்துக்கொண்டே.

விடவில்லை. கடை வாசல் வரை பேசிக்கொண்டே போனேன்.