பூசியது போக மீதி

சார்,

லண்டனில் வேலை பார்க்கும் என் மகள் நேற்று ஊருக்கு வந்தாள், பெட்டியின் பாதி எடைக்கு ஒரு புத்தகத்தோடு. நீங்கள் காலமான பிறகு அங்கே நடந்த உங்கள் ஓவியக் கண்காட்சியின் புத்தகமாம். திறந்ததும் வந்தது அச்சு மை வாசனைதான். எனக்கு மட்டும் அது டர்பன்டைனாக ஏறியது. நீங்கள் தமிழ் படிக்கமாட்டீர்கள் என்று தெரிந்தும் தமிழில்தான் எழுதுகிறேன். தெரியாத தமிழ் உங்களுக்கு என்றைக்குத் தடையாக இருந்தது?

எழுபதுகளில் பர் துபாயில் போர்டு எழுதிக்கொண்டிருந்தேன். படிப்பு எட்டாவது. ஆங்கில எழுத்தை அழகாக வரைவேன். எதற்குப் பின் எது என்பது கடவுள் விட்ட வழி. தையல்கடைப் பலகையில் ஓர் எழுத்தை விழுங்கிவிட்டு முதலாளியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டிருந்தபோது, மாடி அறையில் குடியிருந்த நீங்கள் இறங்கிவந்து அந்தப் பலகை வேண்டும் என்றீர்கள். வெள்ளைக்காரருக்கு வெயில் தலைக்கேறிவிட்டது என்று நினைத்தேன்.

மேலே வந்து பார்த்தால், அச்சடித்த தாள்கள்மேல் வண்ணம் பூசி, இங்கொன்றும் அங்கொன்றுமாகச் சொற்களை விட்டுவைத்திருந்தீர்கள். ரயில் கால அட்டவணைகூடத் தப்பவில்லை. மிஞ்சிய சொற்கள் சேர்ந்து வேறெதையோ பேசின. "எழுதுறதை யாரோ செஞ்சுட்டாங்க, மூடுறதுதான் என் வேலை" என்றீர்கள், பாதி இந்தியிலும் பாதி ஆங்கிலத்திலும். முடிந்ததும் தூரிகையைப் போட்டுவிட்டு, அரபியில் "கலாஸ்", முடிந்தது.

எழுத்தின் வளைவு பிடித்துப்போய்ப் பழைய தமிழ்த் தாள் கேட்டீர்கள். செய்தித்தாள் கட்டு ஒன்று கொடுத்தேன். அதற்குள் அன்று காலை வந்த என் மனைவியின் நீலக் கடிதமும் போய்விட்டது. 'பாப்பாவும் நலம்' வரைதான் படித்திருந்தேன், சைட்டுக்கு வண்டி வந்துவிட்டது. மறுநாள் மாடிக்கு ஓடிவந்தபோது தாள் முழுக்க மணல் நிறம். மிச்சம் இரண்டே சொல். 'அப்பா'. கீழே தள்ளி, 'வா'.

"சார், இது என் வீட்டுக் கடுதாசி."

ஏற்கெனவே வெளுத்த உங்கள் முகம் இன்னும் வெளுத்தது. இரண்டு சொல்லுக்கும் அர்த்தம் சொன்னேன். நாற்காலியில் உட்கார்ந்துவிட்டீர்கள். வடிவத்தைப் பார்த்துப் பூசாமல் விட்டுவைத்ததுதான், வேறொன்றும் தெரியாது என்றீர்கள்.

மகள் நடை பழகுமுன் விட்டுவந்தவன் நான். இன்னும் இரண்டு வருட வேலைக்கு ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடுவதாக இருந்தேன். போடவில்லை. படத்தை உங்களிடமே விட்டுவிட்டு ஊர் வந்து சேர்ந்தேன். பிறகு இங்கேயே போர்டு எழுதினேன், தமிழில். தப்பில்லாமல் என்று சொல்ல ஆசைதான்.

நேற்று புத்தகத்தின் நடுவே அந்தப் படம். மனைவி கண்ணாடியைத் தேடி மாட்டிக்கொண்டாள்.

"இது என் கையெழுத்தாச்சே."

கடிதத்தை முழுக்கப் படிக்காமல், இந்த இரண்டு சொல்லைப் பார்த்துத்தான் வந்தேன் என்று இத்தனை வருடம் மறைத்ததைச் சொன்னேன். சிரித்தாள். "எங்க அப்பாவுக்கு இருமல்னு எழுதினேன், அதுல பாதி இது. இந்த 'வா', வாளி. கிணத்து வாளி ஓட்டைன்னு எழுதினது." பிறகு சிரிப்பு நின்றது. "கடைசி வரியில, இப்ப வர வேண்டாம், நான் சமாளிச்சுக்கிறேன்னு எழுதியிருந்தேன். அதைப் படிச்சும் வந்து நின்னீங்கன்னுதான் இத்தனை நாளும்..."

மகள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

போர்டு எழுதுகிறவன் கண் சார் இது. அன்றைக்கே பார்த்தேன்: தாள் முழுக்க ஒரு கை பூச்சு, கடைசி வரியில் மட்டும் ஒன்றின்மேல் ஒன்றாக இரண்டு கை. ஏன் என்று கேட்காமல் இறங்கிவந்துவிட்டேன். அந்தக் கேள்வி இன்னும் என்னிடம்தான் இருக்கிறது.