வெட்டம்பதிக் கூரை

திருப்புறம்
11 பிப்ரவரி 2025

அன்புள்ள ஜெஃப்ரின் சேட்டனுக்கு,

இந்த நேரத்தில் எழுதுவதற்கு மன்னிக்கணும். மணி ஒன்றரை ஆச்சு, நம்ம மோளு சானு இப்பத்தான் கண்ணடைச்சா. மூணு வயசுப் பிள்ளை, பகலெல்லாம் பேனாவைத் தொட விடமாட்டா.

உங்களுக்கு சுகம்தானே? வேலைக்குப் போன வெட்டம்பதி வாசலிலேயே உங்க போனை வாங்கி வெச்சாச்சுன்னு ஏஜென்ட் செல்லசாமி சொன்னாரு. வெளியூர் வெளிச்சம் ஒரு பொட்டுகூட உள்ளே போகக் கூடாதாமே. கடிதாசியானா அவரு ஆளு கொண்டுவருவாராம். பனச்சமூட்டுல அவரு ஆபீஸ் வரை பஸ் மாறிப் போய்க் குடுக்கணும். பரவாயில்லை.

ராத்திரியே இல்லாத ஊருல எப்படித் தூங்குவியள்? வாசல்ல வெச்சு உங்க நிழலை வெட்டினப்ப வலிச்சுதா? ரெண்டு வருசம் கழிஞ்சா திருப்பித் தருவாங்கன்னு ஒப்பந்தப் பேப்பர்ல உண்டு. நான் வாசிச்சேன், முதல் பக்கம்.

ஒரு சின்ன காரியம். சானு வெயில்ல கண்ணைச் சுருக்காம அண்ணாந்து நிக்கிறா. அங்கன்வாடி விஜயம்மா டீச்சர், "எடி ரெஜிலா, ஒனக்க மோளு சூரியனையே முறைச்சுத் தோக்கடிப்பா"ன்னு சிரிச்சாங்க. எனக்குச் சிரிப்பு வரலை.

உங்கள்
ரெஜிலா


வெட்டம்பதி
தேதி தெரியாது, உன் கடிதாசி வந்த நாள்

அன்பு ரெஜிலா மக்கா,

வலிக்கலை. முடி வெட்டுற மாதிரி ஒரு குளிர், அவ்வளவுதான்.

இங்க சூரியனை நடு ஆகாசத்தில் ஆணி அடிச்சு வெச்ச மாதிரி இருக்கு. தெருவில் வெறுங்கால் வெச்சா தோல் உரியும். கல்லு, சிமெண்டு ஒண்ணும் கிடையாது, வீடுன்னா நிழல்தான். வேலைக்கு வந்தவங்களோட நிழலை ஒண்ணோடொண்ணு தைச்சுக் கூரையா இழுத்துக் கட்டுவாங்க. நான் பூவார் கடப்புறத்துல வலை பின்னின கையாக்கும்னு சொன்னதும் தையல் வேலை தந்தாங்க. அதே வலை ஊசிதான்.

போன தூக்கத்துக்கு முன்னே ஒரு குட்டி நிழல் வந்தது. பிள்ளைகளோடது ஒரே வெட்டா வராதாம். அதுங்க மேல வெயில் படப் பட, தலையிலிருந்து கொஞ்சம் கொஞ்சமா இங்க வந்து சேருமாம். இது தலை மட்டும்தான். உச்சியில ரெண்டு குடுமி. வளர்ற நிழலாச்சே, கீழே உள்ள அறையும் வருசாவருசம் பெருசாகும்னு வீட்டுக்காரிக்கு ஒரே சந்தோசம். சாப்பாட்டு அறைக்கு மேலே தைச்சேன். யாரு பெத்த பிள்ளையோ, கை கூசிச்சு.

சானு வெயிலுக்குப் பழகியிருப்பா. படிச்ச பெண்ணில்லியா நீ, பயந்து சாகாதே.

ஜெஃப்ரின்


திருப்புறம்
4 மார்ச் 2025

சேட்டா,

உங்க கடிதாசியை வாசிச்சேன். உச்சிவெயிலை நம்பாம, காலை எட்டு மணிக்கு சானுவை முற்றத்தில் நிறுத்திப் பார்த்தேன். என் நிழல் நீளமா விழுது. அவளுக்குக் கழுத்து வரைதான் உண்டு. தலை இல்லை. நீங்க போனப்புறம் நான் கட்டிவிடுற ரெண்டு குடுமியும் இல்லை.

சோறு ஊட்டினா வாயை இறுக்கிக்கிறா. "எனக்கக் கீழ ஆளுக இருந்து சோறு தின்னுதாவ அம்மா"ங்கிறா.

பனச்சமூட்டுக்கு ஓடினேன். செல்லசாமி நிதானமா உக்காந்து கேட்டாரு: "அவரை வேலைக்கு அனுப்பினப்ப அட்ரஸ் புரூஃபுக்கு என்ன தந்தீங்க?"

"ரேஷன் கார்டு காப்பி."

"கார்டு யாரு பேருல?"

"எனக்க பேருலதான்."

"காப்பியில ஒப்பு போட்டது?"

"நான்."

"அப்புறம் என்ன பிள்ளே? கார்டுல உள்ள எல்லா நிழலும் எழுதிக் குடுத்ததாக்கும். மூணாம் பக்கம் பாக்கலியா?"

கேஸ் சிலிண்டருக்கும் சிம்முக்கும் பேங்குக்கும் குடுக்கிறதுதானே, அதே மாதிரி கையெழுத்துப் போட்டு நீட்டினேன். தனுவச்சபுரத்தில் மூணு வருசம் காலேஜுக்குப் போனவ நான். என்னோடதை எடுத்துக்கிட்டு அவளை விடச் சொன்னேன். "வளர்ற நிழலுக்குப் பதிலா வளராத நிழலு யாருக்கு வேணும்"னு சொல்லி டீக்கு ஆள் அனுப்பிட்டாரு.

அந்தக் குட்டி நிழலை நல்லாப் பாருங்க சேட்டா.

ரெஜிலா


வெட்டம்பதி

ரெஜிலா,

பார்த்தேன். சானுதான். இப்போ நெஞ்சு வரை வந்தாச்சு. தோளையும் நானே தைச்சேன், உன் கடிதாசி வர்றதுக்கு முந்தி.

கூடத் தைக்கிற கிழவன்கிட்ட கேட்டேன். தைச்சவனே பிரிச்சா நிழல் வந்த வழியே போயிடுமாம். ஆனா அந்த ஓட்டைக்கு, பிரிச்சவன் வாசல்ல குடுத்த நிழலையே நிரந்தரமா வெச்சுத் தைச்சுடுவாங்க. அப்புறம் திருப்பித் தர்றது கிடையாது. நிழல் இல்லாதவனை வாசல் வெளியே விடாது.

விட்டுவெச்சா? பாதம் வந்து சேர்ந்த அன்னைக்கு நிழலுக்குப் பின்னாலயே பிள்ளையும் வந்துடும்னு சொல்லுறான். அவன் பொய் சொல்லுறானோ என்னவோ. ரெண்டு வருசம் பொறுத்தா சும்மாவே விட்டுடுவாங்களோ என்னவோ.

எனக்கு வீட்டுக்கு வரணும் மக்கா. ஊசியைக் கையில் எடுக்கிறேன், வெச்சிடுறேன். நீ சொல்லு. நீ சொல்லுறதைச் செய்யுறேன்.

ஜெஃப்ரின்


திருப்புறம்
29 மார்ச் 2025

என் சேட்டனுக்கு,

இப்போ முட்டுக்குக் கீழேதான் அவளுக்கு நிழல் உண்டு. வெயில் படாம இருக்க ஜன்னலெல்லாம் சாக்கு கட்டியிருக்கேன். ஓட்டு இடுக்கு வழியா வர்ற பொட்டு வெயிலைத் தேடிப்பிடிச்சுப் போய் நிக்கிறா. தூக்கினா பஞ்சு மாதிரி இருக்கா.

மூணு நாளா எழுதுறேன், கிழிக்கிறேன். கிழிச்சதில் எல்லாம் வீட்டுக்கு வாங்கன்னுதான் எழுதியிருந்தேன். உங்க அம்மை ப்ளோரன்ஸ் மாமி தினமும் கேட்கிறாங்க, "எனக்க மவன் ஈஸ்டருக்கு வருவானாட்டி?"ன்னு. நான் அடுப்பைப் பார்த்துக்கிட்டு தலையாட்டுறேன்.

பிரிச்சுடுங்க சேட்டா.

யோசிச்சுத்தான் எழுதுறேன். கிழவன் சொல்லுறது பொய்யா இருந்தாலும் பிரிச்சுடுங்க. உங்க முடிச்சு இறுக்கமா இருக்கும், எனக்குத் தெரியும். கத்தி வெச்சு அறுக்காதீங்க, அவளுக்கு நோவும். பல்லால கடிச்சு மெதுவா அவிழ்த்துவிடுங்க. ஒப்பு போட்டது நான், உள்ளே கிடக்கப் போறது நீங்க. இதுக்கு எப்படி மன்னிப்புக் கேட்கிறதுன்னு எனக்குத் தெரியலை.

விடியுறதுக்கு முந்தி இதைக் கொண்டுபோறேன். கிடைச்சதும் ஒரு வரியாவது எழுதுங்க. சீக்கிரம் பதில் போடுங்க.

ரெஜிலா