சாப்பாட்டு நேரத்தில் வந்த போன்

ஜூன் 3

பள்ளிக்கூடச் சட்டைகளுக்குக் காஜா போட்டுக்கொண்டிருந்தேன். லிஃப்ட் கம்பெனி மேனேஜர் வந்தார். என் வீட்டுக்காரர் செத்து ஒரு மாதம்கூட ஆகவில்லை, அதற்குள் மேனேஜர் கையில் ஒரு காகிதம்.

“சாப்பாட்டு நேரம்மா அது, வேலை நேரமே இல்ல. உங்க வீட்டுக்காரர் தானா போய் லிஃப்ட் மேல ஏறியிருக்கார். இருந்தாலும் மனிதாபிமானத்துல ஏதோ செய்யறோம். அவர் கவனக்குறைவுதான்னு இதுல ஒரு கையெழுத்து போடுங்க.”

யோசித்துச் சொல்கிறேன் என்றேன். யோசிக்க என்ன இருக்கு? போட மாட்டேன்.

ஜூன் 4

அத்தை காலையிலேயே ஆரம்பித்துவிட்டார். “போட்டுத் தொலையேன். சின்ன வயசுலேருந்தே அவன் அவசரக்குடுக்கை. அவன் ஏறினதுக்கு அவங்க என்ன பண்ணுவாங்க?”

பெத்த தாயே இப்படிப் பேசினா? எனக்கு வந்த கோபத்தில் தையல் மெஷினை மிதித்த மிதியில் நூல் அறுந்தது.

ஜூன் 9

அவரோடு ஜோடியாக வேலை பார்த்த தம்பி வந்தான். அப்போதுதான் முழுசாகப் புரிந்தது. யாராவது லிஃப்ட் குழிக்குள்ளே வேலை செய்தால் மெயின் சுவிட்சை அணைத்து, கீழ்க்கதவில் போர்டு மாட்டுவார்கள். ஆனால் மதியம் சாப்பிடும்போது போர்டைக் கழற்றி லிஃப்டை ஓடவிட வேண்டுமாம். குடியிருப்பவர்கள் சத்தம் போடுகிறார்கள் என்று மேனேஜர் போட்ட உத்தரவு.

“அண்ணன் ரெண்டு வாய்தான் சாப்பிட்டார் அண்ணி. போன் வந்துச்சு. ‘இதோ பாக்கறேன் சார்’னு எழுந்தார். நான் கை கழுவிட்டு வரதுக்குள்ள, போர்டுகூட மாட்டாம லிஃப்ட் மேல ஏறிட்டார். அதுக்குள்ள யாரோ பட்டனை அழுத்திட்டாங்க.”

“போன்ல யாரு?”

“அதை மட்டும் கேக்காதீங்க அண்ணி” என்று செருப்பை மாட்டிக்கொண்டான். வேலை போய்விடும் என்ற பயம். திட்டவில்லை. திட்டியிருக்கணுமோ?

ஜூன் 17

தொழிலாளர் அலுவலகத்தில் மனு கொடுத்தாயிற்று. சங்கத்து வக்கீல் தைரியம் சொன்னார்.

ஜூன் 30

கம்பெனியின் பதில் வந்தது. மேனேஜர் போன் செய்தது உண்மைதானாம். “சாப்பிட்டாச்சா” என்று விசாரிக்கத்தானாம். அடேயப்பா, என்ன பாசம்! இத்தனை வருஷத்தில் ஒரு நாள் கேட்டிருப்பாரா இந்த மனுஷன்?

ஜூலை 2

அவர் உயிர் போன அந்த அடுக்குமாடிக் கட்டடத்துக்கே போனேன். படியேறித்தான் போனேன். லிஃப்ட் பக்கம் திரும்பக்கூட முடியவில்லை. நிறைய பேர் என் முகத்தைப் பார்த்ததும் கதவைச் சாத்தினார்கள். ஐந்தாம் மாடி டீச்சர் மட்டும் உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்தார்.

“லிஃப்ட்ல ஏதோ சத்தம் வருதுன்னு அன்னைக்கு கம்பெனிக்கு போன் பண்ணது நான்தாம்மா. ‘ஆள் கீழதான் சாப்பிடறான், இப்பவே அனுப்பறேன்’னார் மேனேஜர். பொறுமையா சாப்பிட்டு வரட்டுமேன்னு எனக்குச் சொல்லத் தோணல.”

டீச்சர்மேல் ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. கையையும் பிடித்துக்கொண்டேன். விசாரணையில் வந்து சொல்கிறேன் என்றிருக்கிறார்.

ஜூலை 3

வருவாரா?

ஆகஸ்ட் 11

வந்தார்! ஒரு சொல் மாற்றாமல் சொன்னார். கம்பெனி வக்கீல் விடவில்லை. சொந்த விருப்பத்தில் ஏறினார், சொந்த விருப்பத்தில் ஏறினார் என்று அதையே பாடினார். எனக்குப் பொறுக்கவில்லை.

“சோத்துக் கையோட லிஃப்ட் மேல எவனாவது ஆசைக்கு ஏறுவானா சார்?”

“உக்காரும்மா” என்று எங்கள் வக்கீலே அதட்டினார். அதிகாரி நிமிர்ந்து பார்த்துவிட்டு எழுதிக்கொண்டார். அப்போது பின்வரிசையில் ஒரு குரல்: “போன்ல மேனேஜர்தான் சார் போகச் சொன்னார். நான் பக்கத்துலதான் இருந்தேன்.” தம்பிதான். எழுந்து நின்றுகொண்டிருந்தான்.

செப்டம்பர் 26

உத்தரவு வந்துவிட்டது. ‘பணியின்போது, பணியின் காரணமாக நேர்ந்த மரணம். நிறுவனமே பொறுப்பு.’

அத்தை திரும்பத் திரும்பப் படிக்கச் சொன்னார். பிறகு தன் தங்கைக்குப் போன் போட்டார். “என் புள்ளமேல தப்பே இல்லடி. கூப்பிட்டாங்க, போயிருக்கான்.” போனை வைத்தவர் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

“பாவி, சாப்பிட்டுட்டு வரேன்னு ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா?”

“சொல்ற மாதிரி அவங்க அவரை வெச்சிருக்கலையே அத்தை” என்றேன். இரண்டு பேரும் வாய்விட்டு அழுதோம்.