ஊருக்குச் சொல்லாத நோய்

என் பிரியத்துக்குரிய அண்ணிக்கு,

நீங்கள் போன பிறகு நம் ஊர் மருங்காபுரிப் பக்கம் நான் அதிகம் போகவில்லை. போன வாரம் போனேன். அங்கே கேட்டதை உங்களிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வேன்?

ஸ்ரீரங்கத்தில் என் வீட்டு வாசலில் துணிமூட்டையோடு நீங்கள் வந்து நின்றது இன்னும் கண்ணிலேயே இருக்கிறது. பெரியண்ணன் இறந்து பல வருஷம் கழித்து, தன்னந்தனியாக பஸ் ஏறி வந்திருந்தீர்கள். உட்காரச் சொன்னேன். "வேணாம் காமாட்சி, துணி நனைஞ்சிருக்கு. பாய் கெட்டுப்போயிடும்" என்றீர்கள்.

மாதக்கணக்கில் நிற்காத உதிரப்போக்கு. துணி துவைக்கிற இடத்தில் பார்த்தவர்கள், புருஷன் இல்லாதவள் கருவைக் கலைத்துவிட்டாள் என்று பேசினார்கள். அதை நம்பி, சின்னண்ணன் உங்களை மாட்டுக்கொட்டகையில் படுக்கச் சொன்னார். நீங்கள் வாழவந்த நாளில் அவருக்கு அரைஞாண் கயிறு மட்டும்தான் உடுப்பு. அவரையும் என்னையும் இடுப்பில் தூக்கி வளர்த்தவர் நீங்கள்.

ஸ்ரீரங்கம் வந்தும் நீங்கள் பெருமாளைப் பார்க்கவில்லை. ஒருநாள் வெள்ளைக் கோபுரம் வரை வந்தீர்கள். "தீட்டோட நான் உள்ளே வரக்கூடாது. நீ போயிட்டு வா" என்று வெளியிலேயே நின்றுவிட்டீர்கள். சன்னிதியில் என்ன வேண்டிக்கொள்வது என்றே எனக்குத் தெரியவில்லை.

புத்தூர் லேடி டாக்டர் பார்த்துவிட்டு என்னைத் தனியாக அழைத்தார். "கர்ப்பப்பை வாயில புத்துநோய்ம்மா. ரொம்ப முத்திடுச்சு. முன்னாடியே வந்திருந்தா..." என்று பாதியில் நிறுத்திக்கொண்டார்.

டாக்டர் முன்னாலேயே அழுதுகொண்டு உங்களிடம் சொன்னேன். நீங்கள் அழவில்லை. பிழைப்பேனா என்றும் கேட்கவில்லை. "அப்ப இது நோய்தானே? டாக்டரம்மா, எங்க கொழுந்தன்கிட்ட உங்க வாயால சொல்லுங்க" என்றீர்கள். அப்போது உங்கள் முகத்தில் தெரிந்தது நிம்மதிதானா அண்ணி?

சின்னண்ணனை ஆள் விட்டு வரவழைத்தேன். டாக்டர் சொல்லச் சொல்ல அவர் தரையையே பார்த்துக்கொண்டு நின்றார். "ஊர்ல சொல்லிடு தம்பி, அது போதும்" என்றீர்கள். "சரிங்க அண்ணி" என்றார். அந்த ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டுதான் கடைசி நாட்களைக் கடந்தீர்கள். வலியில் பாயைப் பிராண்டும்போதும், "சொல்லியிருப்பான், இல்ல?" என்று என்னைக் கேட்பீர்கள்.

அவர் சொல்லவே இல்லை அண்ணி.

இப்போது புத்தூரில் அந்த டாக்டர், நோய் முற்றும் முன்பே கண்டுபிடிக்கப் பார்க்கிறார். கர்ப்பப்பை வாயைச் சின்ன மரக்குச்சியால் தடவி எடுத்து, கண்ணாடித் துண்டில் பூசி மெட்ராசுக்குச் சோதனைக்கு அனுப்புகிறார்கள். நானும் பார்த்துக்கொண்டேன். கூச்சமாகத்தான் இருந்தது, வலிக்கவில்லை. எனக்கு ஒன்றுமில்லை என்று பதில் வந்தது. உங்களுக்கு இது கிடைக்காமல் போயிற்றே என்று பஸ்ஸில் முகத்தை மூடிக்கொண்டு அழுதேன்.

நம் ஊர்ப் பெண்களையும் கூட்டிவரலாம் என்றுதான் போன வாரம் போனேன். ஒருத்தியும் அசையவில்லை. "அங்க போனா கலைக்கப் போனான்னு சொல்லுவாங்க. உங்க அண்ணி கதை தெரியாதா?" என்று என்னிடமே கேட்டாள் ஒருத்தி.

சின்னண்ணனிடம் போய், ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். "செத்தவங்களைப் பத்தி இப்ப எதுக்குப் பேச்சு? விடு" என்று துண்டை உதறிக்கொண்டு எழுந்துபோனார்.

அவர் மனைவி தனம் அண்ணி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு நின்றார். என்னைக் கிணற்றடிக்குக் கூட்டிப்போய், சுற்றுமுற்றும் பார்த்தார். "எனக்கும் அப்படித்தான் இருக்கு காமாட்சி. விலக்கு இல்லாத நாள்லயும் படுது. அவருக்குத் தெரியாது" என்றார். இப்போதே கிளம்புங்கள் என்று கையைப் பிடித்தேன். "ஐயோ, எனக்கும் அந்தப் பேரு வந்துடும்" என்று கையை உருவிக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

நாளைக்கு மறுபடியும் ஊருக்குப் போகிறேன். சின்னண்ணனிடம் அனுமதி கேட்கப் போவதில்லை. பஸ் நிற்கும் கடைவாசலில், ஆணும் பெண்ணும் கேட்க, என் பெரியண்ணிக்கு வந்தது கர்ப்பப்பை வாயில் புற்றுநோய் என்று உங்கள் பெயரைச் சொல்லியே சொல்வேன். சொல்லி முடித்துவிட்டு, தனம் அண்ணியைக் கூட்டிக்கொண்டுதான் பஸ் ஏறுவேன். இது நான் உங்களுக்குத் தரும் வாக்கு.

நீங்கள் தூக்கி வளர்த்த நாத்தனார்,
காமாட்சி