செத்துப்போன 'க்'கும் மயில்சாமியின் கையெழுத்தும்

ஜூன் 12, புதன்

நான்காம் அத்தியாயம் திரும்பி வந்தது. உள்ளே ஒரு வரிகூடத் திருத்தப்படவில்லை. அட்டையில் மட்டும் வட்டமாக டீக்கறை. என் ஆய்வின் மேல் என் நெறியாளர், அதாவது கைடு, மயில்சாமி இதுவரை பதித்த ஒரே முத்திரை அதுதான்.

நான் பாடம் நடத்தும் கல்லூரியில் ஆங்கிலத்துறைத் தலைவரும் அவரே. முனைவர் பட்டம் இல்லாதவர்களுக்கு அடுத்த ஆண்டு வேலை இல்லை என்று நிர்வாகம் சொல்லிவிட்டது. பல்கலைக்கழகம் கொடுத்த கடைசித் தவணை செப்டம்பரோடு முடிகிறது. அவர் கையெழுத்து இல்லாமல் ஆய்வேட்டைக் கொடுக்க முடியாது. இந்த வயதில் வேலை போனால், புதுச்சத்திரத்தில் வீட்டுக்காரரின் கோழித்தீவனக் கடையில் மூட்டைகளுக்கு நடுவே உட்கார வேண்டியதுதான். வருகிறவர்கள் எது மூட்டை, எது நான் என்று தடுமாறுவார்கள்.

நான் எழுதுவது சாடிக் மொழிகளின் ஒலி வரலாறு. யாராவது கேட்டால் "ஆப்பிரிக்கா பாஷைங்க" என்று முடித்துவிடுவேன். இங்கே விளக்கமாக எழுதலாம், கேட்டுத் தூங்க ஆளில்லை. நைஜீரியாவில் பேசும் ஹௌசா மொழியில் இதயத்துக்கு 'ஸூச்சியா'. பல இதயங்கள் என்றால் 'ஸுகாத்தா'. பன்மையில் இருக்கும் 'க' ஒருமையில் எங்கே போனது? முன்னொரு காலத்தில் அங்கேயும் ஒரு 'க்' இருந்தது. அசையின் கடைசியில் தாங்க ஆளில்லாமல் நின்றதால் தேய்ந்து கரைந்துவிட்டது. பன்மையில் பின்னால் ஓர் உயிர் வந்து பிடித்துக்கொண்டதால் பிழைத்தது. காட்டெருமைக்கும் இதே கதை: ஒன்று 'பௌனா', பல 'பகானே'. இப்படி வரிசையாக வருவதால்தான் அது விதி. ஒன்றிரண்டோடு நின்றால் தற்செயல். இந்தச் செத்த 'க்'குகளுக்குப் பிரேதப் பரிசோதனை செய்தே என் தலை நரைத்தது.

ஜூன் 16, ஞாயிறு

பில்கிசு வந்தாள். கானோ நகரத்துப் பெண். நெடுஞ்சாலையோரம் ஒரு பார்மசி கல்லூரியில் மூன்றாம் ஆண்டு. ஹௌசா அவள் தாய்மொழி. என் ஆய்வில் பாதி அவள் தொண்டை. குப்பைமேட்டை அவள் 'ஜூஜி' என்கிறாள். சொகோட்டோவில் வளர்ந்த அவள் அப்பா 'ஜிப்ஜி' என்பாராம். அவர் வாயில் அந்தப் பழைய 'ப்' இன்னும் சாகவில்லை! ஒரு குப்பைமேட்டுக்காக இவ்வளவு குதித்தவள் இந்த மாவட்டத்திலேயே நான்தான்.

காட்டெருமை 'பௌனா'வின் முதலில் வரும், மூச்சை உள்ளே இழுத்துச் சொல்லும் 'ப' மட்டும் எனக்கு வரவே மாட்டேன் என்கிறது. பழகிக்கொண்டிருந்தபோது வீட்டுக்காரர் கதிர்வேல் எட்டிப் பார்த்தார். "என்ன அம்மிணி, தொண்டையில முள்ளு சிக்கிக்கிச்சா?"

பில்கிசு, விடுதி மெஸ்ஸில் கற்ற தமிழில், "மேடம், இப்படிக் கூப்பிட்டா பௌனா ஓடிப்போயிடும்" என்று சொல்லி விழுந்து விழுந்து சிரித்தாள்.

ஜூன் 27, வியாழன்

மயில்சாமியின் அறை. எங்கள் பக்கத்தில் கழுத்தை அறுத்தாலும் 'ங்க' போட்டுத்தான் அறுப்பார்கள்.

"ஏனுங்கம்மா சௌந்திரம், ஒலி போச்சு, ஒலி போச்சுன்னு எழுதியிருக்கறீங்க. போச்சுன்னா எங்கிருந்துங்க போச்சு? நம்மகிட்ட இருந்துதானுங்க போயிருக்கோணும்?"

"இல்லைங்க சார். ஹௌசாவுக்கு அரபியும் பழைய எகிப்திய மொழியும் தூரத்துச் சொந்தம். நமக்கும் அதுக்கும்—"

"நானென்ன, பத்திரிகை வெச்சுச் சொந்தக்காரங்களைக் கூப்பிடச் சொன்னனுங்களா? தமிழ்தான் தாய்னு ஒரு அத்தியாயம் சேருங்க. சேர்த்தா கையெழுத்து. இல்லாட்டி, தீவனக் கடைக்கு ஆள் வேணும்னு உங்க ஊட்டுக்காரர் சொல்லிட்டிருந்தாருங்க."

பாவி. தமிழ் மேல எனக்குப் பாசம் இல்லையா? அதுக்காக ஊர்ல இருக்கிற குழந்தைக்கெல்லாம் அவளை அம்மாங்கறதா? ஒரு நல்ல குடும்பத்துப் பொம்பளையப் பத்தி இப்படியா பேசறது?

ஜூலை 3, புதன்

மயில்சாமியின் கார் பஞ்சர். நான் இல்லை. நினைத்ததோடு சரி.

ஜூலை 14, ஞாயிறு

கணக்குப் பிரிவுத் தமிழரசு காதில் ஓதிய செய்தி: 26ஆம் தேதி 'தமிழும் ஆப்பிரிக்காவும்' கருத்தரங்கு. செலவெல்லாம் கருப்பண்ணன். ரிக் லாரி, கோழிப்பண்ணை இரண்டும் வைத்திருப்பவர். நைஜீரியா வரை போய் போர்வெல் போடுகிறவர். நானும் பேச வேண்டும் என்பது மயில்சாமியின் உத்தரவு.

பேசுகிறேன். அவர் வழிமுறையையே தலைகீழாகப் பிடித்து, ஹௌசாவே தமிழின் தாய் என்று நிரூபிக்கிறேன். அந்த வழிமுறைக்கு என்ன வேண்டும்? காதுக்கு ஒத்துப்போகும் இரண்டு சொல், கொஞ்சம் வெட்கமின்மை. ஹௌசாவில் கோழி 'கஸா'. சந்தை 'கசுவா'. போதாதா? சபை வயிறு வலிக்கச் சிரிக்கும். இத்தனை பேர் முன்னால் அவர் மானம் கப்பலேறும்.

ஜூலை 26, வெள்ளி

சிரிக்கவில்லை. ஒருத்தர்கூட.

கோழி, 'கஸா' என்றேன். முன்வரிசைப் பண்ணைக்காரர்கள் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். காசு புழங்கும் இடம் 'கசுவா' என்றேன். விசில் பறந்தது. "கோழி வந்த வழியில்தான் மொழியும் வந்தது" என்று, கண்ணடிக்காத குறையாகச் சொன்னேன். எழுந்து நின்று கைதட்டினார்கள். எது தாய், எது சேய் என்பது யார் காதிலும் ஏறவில்லை. கருப்பண்ணன் மேடைக்கு வந்து பொன்னாடை போர்த்தினார்.

"எப்படியோ கோழி நம்மளுதுன்னு ஆயிப்போச்சுங்க! அடுத்த மாசம் எங்க பண்ணைக்காரங்க கூட்டத்துக்கும் வந்து இதையே பேசிப்போடோணும்."

மயில்சாமியின் முகம் வேப்பெண்ணெய் குடித்த மாதிரி. அது ஒன்றுதான் லாபம். இது கேலி என்று அங்கேயே சொல்லியிருக்கலாம். வாய் வரை வந்தது. பொன்னாடை கதகதப்பாக இருந்தது.

வாசலில் பில்கிசு. தோழிகளோடு வரச்சொல்லி அழைத்ததே நான்தான்.

"மேடம், உங்க சார் எங்க மொழிய தமிழோட பிள்ளைன்னு சொல்றார். நீங்க அத காமெடி பண்றீங்க. ரெண்டு பேருக்கும் அது விளையாட்டுச் சாமான்."

"பில்கிசு, நான் அவரைத்தான்—"

"கடைசில என் பேர் சொல்லி நன்றி சொன்னீங்க. என் ஃபிரெண்ட்ஸ் கேக்கறாங்க, இந்தப் பொய்யெல்லாம் நீ சொல்லிக் கொடுத்ததான்னு."

பொன்னாடையை எங்கே ஒளிப்பது என்று தெரியவில்லை. அவள் திரும்பிப் பார்க்காமல் போய்விட்டாள்.

ஜூலை 30, செவ்வாய்

பண்ணைக்காரர் கூட்டத்தில் சிறப்புரை மயில்சாமி என்று அழைப்பிதழில் இருந்ததாம். கருப்பண்ணன் அதை அடித்துவிட்டு என் பெயரைப் போட்டாராம். உபயம்: தமிழரசு. மதியமே மயில்சாமி கூப்பிட்டார்.

"கையெழுத்துப் போட்டுட்டனுங்க, எடுத்துட்டுப் போங்க. உங்க செத்த ஒலியோட சௌக்கியமா இருங்க. மேடை கீடைன்னு இனி என் பக்கம் தலை வெச்சுப் படுக்கப்படாது."

"படிச்சீங்களா சார்?"

"படிக்கறதுக்கு அதுல என்னங்க இருக்குது?"

இத்தனை வருஷம் நல்ல ஆராய்ச்சிக்குக் கிடைக்காதது, ஒரு மணிநேரப் புளுகுக்குக் கிடைத்துவிட்டது. சந்தோஷப்படணுமா, நாக்கைப் பிடுங்கிக்கணுமா?

ஆகஸ்ட் 4, ஞாயிறு

பில்கிசு போனை எடுப்பதில்லை. விடுதி வாசலில் போய் நின்றேன். வெளியே வந்தாள், உட்காரச் சொல்லவில்லை.

"என் குரல், என் வார்த்தை, ஒண்ணும் உங்க புத்தகத்துல வேண்டாம்."

பேசிக் கொடுத்தவர் வேண்டாம் என்றால் எடுத்துவிட வேண்டும். எங்கள் தொழிலின் முறை அது. அவள் சொற்கள் போனால் மிச்சம் இருப்பது டீக்கறை மட்டும்.

"நான் என்ன பண்ணணும்?"

"அதே ஆளுங்க முன்னாடி பொய்னு சொல்லுங்க. அப்புறம் யோசிக்கிறேன்."

சொல்லாமலே ஆய்வேட்டைக் கொடுத்துவிட்டால்? கையெழுத்து இருக்கிறது. யாருக்குத் தெரியப்போவுது? — இதைக் கேக்கறது நான்தான். கேக்கவே அசிங்கமா இருக்குது.

ஆகஸ்ட் 25, ஞாயிறு

ராசிபுரம் சாலையில் கல்யாண மண்டபம், பண்ணைக்காரர் கூட்டம். முன்வரிசையில் மயில்சாமி, பின்வரிசையில் பில்கிசு. மைக்கைப் பிடித்துச் சொன்னேன்: "அன்றைக்குப் பேசியது கேலி. கோழிக்கும் கஸாவுக்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. ஹௌசா யாருக்கும் பிள்ளையும் இல்லை, தாயும் இல்லை. அதற்கென்று தனிக் குடும்பம் இருக்கிறது. என் புளுகில் பில்கிசுவுக்குப் பங்கில்லை."

முதல் குரல்: "அப்பறம் எதுக்குங்க எங்களைக் கைதட்ட வெச்சீங்க?"

அடுத்தது: "தமிழை மட்டம் தட்ட எவன்கிட்ட காசு வாங்குன?" அவன் 'ங்க'கூடப் போடவில்லை.

மைக் அணைந்தது. மயில்சாமி எழுந்து, "எனக்கு அன்னைக்கே தெரியுமுங்க" என்றார். கைதட்டல் அவர் பக்கம் சாய்ந்தது. கருப்பண்ணன் "சாப்புட்டுட்டுப் போங்க" என்று சொல்லவில்லை. இந்தப் பக்கத்தில் இதைவிடப் பெரிய விவாகரத்து கிடையாது. பின்வரிசையைத் தேடினேன். நாற்காலி காலி.

ஆகஸ்ட் 31, சனி

செவ்வாய்ப்பேட்டை மளிகைக்காரர்வரை செய்தி போயிருக்கிறது. துவரம்பருப்பை நிறுத்துக்கொண்டே கேட்டார்: "கோழி யாருதுங்க இப்போ?"

செப்டம்பர் 8, ஞாயிறு

பில்கிசு வந்தாள். முகத்தில் சிரிப்பு இல்லை. டீ வேண்டாம் என்றாள். நான்காம் அத்தியாயத்தை வாங்கி விரித்துவைத்துச் சிவப்புப் பேனாவைத் திறந்தாள்.

"இது தப்பு. இந்த டோன் மேல போகணும், நீங்க கீழ போட்டிருக்கீங்க. இத யாரு சொன்னா? நான் சொல்லவே இல்ல. மேடம், காது இருக்கா உங்களுக்கு?"

பக்கத்துக்குப் பக்கம் ரத்தக்களரி. கதிர்வேல் மதியச் சாப்பாட்டுக்கு வந்தவர் வாசலிலேயே நின்றுவிட்டார்.

"யாரு அம்மிணி அது, உன்னையப் போட்டு இந்த வாங்கு வாங்கறது?"

"என் கைடுங்க" என்றேன்.

அவள் தலையே நிமிரவில்லை. "பேசாதீங்க. அடுத்த பக்கம்."